கட்டை விரலை இழுக்காதீர்கள்!

ஒரு சின்னச் சோதனை. உங்கள் வலது கைக் கட்டை விரலை உள்ளங்கையோடு ஒட்டி, அசையாமல் வைத்துக்கொள்ளுங்கள். இப்போது மீதி நான்கு விரல்களை மட்டும் வைத்துச் சட்டைப் பொத்தானைப் போடுங்கள். சாவியைப் பூட்டில் திருகுங்கள். சாதத்தைப் பிசைந்து ஒரு கவளம் எடுங்கள். முடியவில்லை, இல்லையா? கை செய்யும் வேலையில் கிட்டத்தட்டப் பாதி, அந்த ஒற்றை விரலுடையது!

இதைச் சட்டமே ஒப்புக்கொண்டிருக்கிறது. 1923-ஆம் ஆண்டின் தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டத்தின் திருத்தப்பட்ட அட்டவணையில், விரல் போனால் சம்பாதிக்கும் சக்தியில் எவ்வளவு போகும் என்று கணக்குப் போட்டிருந்தார்கள். சுட்டு விரலுக்கு 14 சதவீதம், நடு விரலுக்கு 12, மோதிர விரலுக்கும் சுண்டு விரலுக்கும் தலா 7. கட்டை விரலுக்கு? 30 சதவீதம்! சுட்டு விரலையும் நடு விரலையும் கூட்டினால்கூட 26தான் வருகிறது.

அப்பேர்ப்பட்ட விரலில் அடிபட்டால் நாம் என்ன செய்கிறோம்? "சும்மா சுளுக்குதான்... ரெண்டு இழுப்பு இழுத்தா சரியாப் போயிடும்" என்று தெருவில் சுளுக்கு எடுப்பவரிடம் கையை நீட்டுகிறோம். அவரும் எண்ணெய் தடவி, விரலைப் பிடித்து, 'படக்' என்று சொடக்கு விழ இழுத்து விடுகிறார்.

நான் சித்த மருத்துவன். எண்ணெயும் தொக்கணமும் என் தொழில். அந்த நானே சொல்கிறேன்: அடிபட்ட கட்டை விரலை முதலில் யாரும் இழுக்கவும் கூடாது, உருவவும் கூடாது. உள்ளே எலும்பு உடைந்ததா, நார் அறுந்ததா என்று தெரிந்த பிறகுதான் எண்ணெய்க் கிண்ணத்தை எடுக்க வேண்டும்.

குதிரை மேல் சேணம்

மற்ற விரல்களில் மூன்று மூன்று எலும்புகள். கட்டை விரலில் இரண்டுதான். ஆனால் அதன் அடியில், மணிக்கட்டை ஒட்டி இருக்கும் மூட்டு விசேஷமானது. குதிரை முதுகில் சேணம் உட்கார்ந்திருக்கிற மாதிரி, வளைவும் வளைவும் ஒன்றின் மேல் ஒன்று அமர்ந்திருக்கும். இதற்குச் சேண மூட்டு என்றே பெயர். முன்னும் பின்னும் போகும், பக்கவாட்டில் விரியும், கொஞ்சம் சுழன்று மற்ற நான்கு விரல் நுனிகளையும் எதிர்கொண்டு தொடும். நெல்லுக்குள் கிடக்கும் கல்லைப் பொறுக்குவதும், ஊசியில் நூல் கோப்பதும் இந்தச் சுழற்சியால்தான்.

சௌகரியம் அதிகம் என்றால் ஆபத்தும் அதிகம். விரல் நுனியில் 1 கிலோ அழுத்தம் கொடுத்தால் அடி மூட்டில் சுமார் 12 கிலோ அழுத்தம் ஏறுகிறது. எங்கள் கீழ்வேளூர் பக்கம் நடவு வயலில் நின்று பாருங்கள். இடது கையில் நாற்று முடி. அந்தக் கைக் கட்டை விரல் நாலைந்து நாற்றாகப் பிரித்துத் தள்ளும். வலது கைக் கட்டை விரலும் இரண்டு விரல்களும் அதை வாங்கிச் சேற்றில் ஊன்றும். காலையிலிருந்து மாலை வரை இதே அசைவு. இப்போது நேரடி விதைப்பு பெருகி நடவு குறைந்திருக்கலாம். ஆனால் உளுந்துச் செடி பறிப்பதும், பருத்தி எடுப்பதும் அதே விரல்தானே!

பாட்டியின் கணக்கு

சித்த மருத்துவத்தில் மணிக்கடை நூல் என்று ஒன்று உண்டு. நோயாளியின் மணிக்கட்டை நூலால் சுற்றி, அவருடைய விரற்கடையாலேயே அளப்பது. ஆக, அளந்து பார்த்துப் பேசுவது நமக்குப் புதிதல்ல. கட்டை விரலின் அசைவையும் வீட்டிலேயே அளக்கலாம்.

நம் பாட்டிமார்கள் விரல் கணுக்களைக் கட்டை விரலால் தொட்டுத் தொட்டு நாள் எண்ணுவார்களே, கிட்டத்தட்ட அதே முறையைத்தான் 1986-ல் பிரெஞ்சு அறுவை மருத்துவர் கபான்ஜி மதிப்பெண்ணாக்கினார். கட்டை விரல் நுனி சுட்டு விரல் நுனியைத் தொட்டால் 3. நடு விரல் 4, மோதிர விரல் 5, சுண்டு விரல் நுனி 6. அதன்பின் சுண்டு விரலிலேயே கீழே இறங்க வேண்டும். முதல் கோடு 7, அடுத்த கோடு 8, விரல் அடிக்கோடு 9, அதற்கும் கீழே உள்ளங்கைக் கோடு 10. இரண்டு கைகளையும் செய்து ஒப்பிட்டுப் பாருங்கள். ஒரு கை 10, இன்னொரு கை 6 என்றால் அது 'சும்மா சுளுக்கு' இல்லை.

ஏன் இழுக்கக் கூடாது?

வரப்பில் வழுக்கிக் கையை ஊன்றி விழுகிறீர்கள். அல்லது மொபெட்டோடு சாய்கிறீர்கள். கட்டை விரல் பின்னோக்கி வளைந்து, நடு மூட்டின் உட்பக்க நார் கிழிகிறது. 1955-ல் காம்ப்பெல் என்ற மருத்துவர் ஸ்காட்லாந்து வேட்டைக்காட்டுக் காவலர்களிடம் இந்தக் கோளாறைக் கண்டு எழுதினார். முயல்களின் கழுத்தைத் திருகித் திருகி அவர்களுடைய கட்டை விரல் நார் தளர்ந்து போயிருந்தது. இந்த நார் முழுசாக அறுந்து, அதன் முனை பக்கத்துத் தசைநார் விரிப்பின் மேல் புரண்டுவிட்டால் தானாகச் சேரவே சேராது. அறுவை சிகிச்சைதான் வழி, அதையும் ஆரம்ப வாரங்களிலேயே செய்ய வேண்டும். பாதி கிழிந்த நாரை இழுத்து முழுசாக அறுப்பது எவ்வளவு சுலபம் என்று நினைத்துப் பாருங்கள்.

இன்னொன்று, கட்டை விரல் அடியில் மூட்டுக்குள்ளேயே ஓடும் எலும்பு முறிவு. 1882-ல் டப்ளின் அறுவை மருத்துவர் பென்னட் விவரித்தது. வெளியே பார்த்தால் வீக்கம் மட்டும் தெரியும். உள்ளே எலும்பு நழுவி நிற்கும்.

மூன்றாவது ரொம்ப ஏமாற்றுக்காரன். கட்டை விரலை நன்றாக விரித்து நீட்டுங்கள். மணிக்கட்டுப் பக்கம் ஒரு பள்ளம் விழுகிறதல்லவா? அந்தக் காலத்தில் மூக்குப்பொடி வைத்து உறிஞ்சிய குழி! அதன் அடியில் படகு வடிவ எலும்பு ஒன்று இருக்கிறது. விழுந்த பிறகு அந்தக் குழியை அழுத்தினால் வலிக்கிறதா? அந்த எலும்பு விரிசல் விட்டிருக்கலாம். முதல் எக்ஸ்ரேயில் தெரியாமலும் போகலாம். இதற்கு ரத்தம் ஒரு முனையிலிருந்தே பெரும்பாலும் வருவதால், கவனிக்காவிட்டால் மறு முனை செத்துப்போய், மணிக்கட்டே காலத்துக்கும் முடங்கும்.

"ஆனா டாக்டர், உருவினா நிறைய பேருக்குச் சரியாகுதே?" என்று கேட்பீர்கள். உண்மைதான். சாதாரணச் சுளுக்கு இரண்டு மூன்று வாரத்தில் தானாகவே ஆறும். அந்தப் பெருமை இழுத்தவருக்குப் போய்விடுகிறது. ஆறாதவர்கள் திரும்ப அவரிடம் போவதில்லை. அதனால் தவறு அவர் கண்ணில் படுவதே இல்லை.

நம் மருத்துவத்தையும் குறை சொல்ல முடியாது. சித்த மருத்துவம் புறமருத்துவத்தை 32 வகையாகப் பிரித்திருக்கிறது. அதில் தொக்கணம் வேறு. எலும்பு முறிவுக்குப் பத்தை வைத்துக் கட்டும் கொம்புக்கட்டல் வேறு. எதற்கு எது என்று பிரித்துப் பார்க்காமல் எல்லாவற்றையும் உருவுவது மரபே அல்ல! அதே போல, எக்ஸ்ரேயில் ஒன்றுமில்லை என்று வலி மாத்திரை கொடுத்து அனுப்பிவிடுவதும் வைத்தியம் ஆகாது.

அடிபடாமலே வலித்தால்?

கைக்குழந்தையைத் தூக்கும் தாய்மார்கள், நாள் முழுக்க செல்போனில் விரலை ஓட்டுகிறவர்கள், நடவுக்குப் போகிறவர்கள்... இவர்களுக்குக் கட்டை விரலை ஒட்டிய மணிக்கட்டில் வலி வரும். ஸ்விஸ் மருத்துவர் டி குவர்வேன் 1895-ல் விவரித்த தசைநார் உறை அழற்சி இது. கட்டை விரலை உள்ளே வைத்துக் கையை மூடி, மணிக்கட்டைச் சுண்டு விரல் பக்கம் மெல்லச் சாயுங்கள். சுரீர் என்றால் அதுவாக இருக்கலாம். முதல் மருந்து ஓய்வும் கட்டும். குழந்தையைக் கக்கத்தில் விரல் கொடுத்துத் தூக்காமல், அடியில் முன்கை கொடுத்து வாரி எடுங்கள். ஐம்பதைத் தாண்டிய பெண்களுக்குச் சேண மூட்டே தேய்வதும் சகஜம். அங்கே நொச்சி இலை ஒற்றடமும் தைலமும் நல்ல துணை.

அடிபட்டால் என்ன செய்வது?

வீங்குவதற்கு முன் மோதிரம், வளையலைக் கழற்றுங்கள். துணியில் சுற்றிய ஐஸை 10 நிமிடம் வையுங்கள். டம்ளரைப் பிடித்த வாக்கில் விரலை வைத்து மெத்தென்று கட்டி, கையை நெஞ்சுக்கு மேல் உயர்த்தி வையுங்கள். விரல் கோணினாலோ, மரத்துப் போனாலோ, ஒரு காகிதத்தைக்கூட கிள்ளிப் பிடிக்க முடியாமல் நழுவினாலோ, அன்றைக்கே எக்ஸ்ரே எடுங்கள். மூக்குப்பொடிக் குழி வலிக்கிறது, படத்தில் ஒன்றுமில்லை என்றாலும் கட்டுடன் இருந்து, 10 முதல் 14 நாளில் மறுபடி பாருங்கள். மாடு வைத்திருப்பவர்கள் கயிற்றை விரலில் சுற்றிக்கொள்ளவே வேண்டாம். மாடு மிரண்டு இழுத்தால் விரல் கயிற்றோடு போய்விடும்.

எங்கள் ஊருக்கு ஒரு பக்கம் திருவாரூர், மறு பக்கம் நாகப்பட்டினம். திருவாரூரில் அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. 2022-ல் ஒரத்தூரில் நாகை அரசு மருத்துவக் கல்லூரியும் வந்துவிட்டது. படம் எடுக்க வழியில்லை என்று இனி சொல்ல முடியாது. இல்லாதது ஒரு நாள் அவகாசம்தான். கூலிக்குப் போகும் பெண் அந்த ஒரு நாளை விட யோசிப்பாள். ஆகவே வாசகர்களே, உங்கள் வயலிலோ வீட்டிலோ வேலை செய்யும் ஒருவர் வீங்கிய கட்டை விரலோடு வந்து நின்றால், "எண்ணெய் தேச்சுக்கம்மா" என்று சொல்லி அனுப்பாதீர்கள். அன்றைய கூலியைக் கையில் கொடுத்து ஆஸ்பத்திரிக்கு அனுப்புங்கள். அவருக்கு அடுத்த போகத்துச் சம்பாத்தியம் அந்த விரலில்தான் இருக்கிறது.