ஸ்டேட்டஸ் போட்டா சோகமா?



வால்பாறையில் ஒரு கல்லூரித் தம்பி டீக்கடையில் வைத்துக் கேட்டான். "அண்ணா, 2024 ஜூலை 30 வயநாடு நிலச்சரிவுக்கு உடனே ஸ்டேட்டஸ் போட்டேன். அதே நாள் விடியக்காலையில நம்ம சோலையாறு அணைப் பக்கம் வீட்டு மேல மண்ணு சரிஞ்சு ஒரு பாட்டியும் பேத்தியும் போய்ட்டாங்க. அதுக்கு ஒண்ணுமே போடலை. துக்கம் விசாரிக்கவும் போகலை. அப்ப என் சோகம் டூப்பா?"

நல்ல கேள்வி இல்ல?

டூப்பெல்லாம் இல்லை தம்பி. முண்டக்கை, சூரல்மலை படங்களைப் பார்த்தா வால்பாறைக்காரனுக்கு வயிறு கலங்கத்தான் செய்யும். அதே மலை, அதே தேயிலை, அதே மழை. இருநூறு பேருக்கு மேல் செத்திருக்காங்க. உன் கண்ணீர் நிஜம்தான்.

ஆனா ஒண்ணு. செல்போன் காட்டுற சாவுக்குத்தான் ஸ்டேட்டஸ் அழும். 2020 ஆகஸ்ட் 6 ராத்திரி, மூணாறு பக்கம் பெட்டிமுடியில் லைன் வீடுகள் மண்ணோடு போச்சு. 70 பேர். பெரும்பாலும் நம்ம தமிழ்த் தோட்டத் தொழிலாளர் குடும்பங்கள். அங்கே கரன்ட் இல்லை, சிக்னல் இல்லை. மறுநாள் காலையில்தான் வெளியே தெரிஞ்சது. அன்னிக்கு ராத்திரியே கோழிக்கோட்டில் விமான விபத்து. டி.வி. கேமரா எல்லாம் அந்தப் பக்கம் திரும்பிடுச்சு.

நம்ம லைன் வீட்டுப் பக்கம் ஒரு சாவுன்னா என்ன பண்றோம்? போறோம். பேச வாய் வராது. சேர் எடுத்துப் போடறோம், டீ வாங்கிட்டு வர்றோம், ஓரமா நிக்கறோம். யார் எவ்வளவு அழுதாங்கன்னு யாரும் மார்க் போடறதில்லை. ஆனா யார் வந்தாங்கன்னு அந்த வீட்டுக்கு ஆயுசுக்கும் ஞாபகம் இருக்கும்.

அதனால ஃப்ரெண்ட்ஸ், ஸ்டேட்டஸ் தாராளமா போடுங்க. அடுத்தவன் போட்டதைப் பார்த்து 'சீன் போடறான்'னு நக்கலும் பண்ணாதீங்க. அவன் மனசுக்குள்ள என்ன ஓடுதுன்னு நமக்கென்ன தெரியும்? ஸ்டேட்டஸ் 24 மணி நேரத்தில் தானா அழிஞ்சிரும். அதுக்கப்புறம் நாம எங்கே போய் நிக்கறோம்... அங்கேதான் விஷயமே இருக்கு.

தம்பி, ஒரு நாள் சோலையாறு பக்கம் போயிட்டு வா. பெரிசா எதுவும் பேச வேண்டாம். துக்கம் விசாரிக்க லேட்டாப் போனா யாரும் விரட்ட மாட்டாங்க.

போட்டோ மட்டும் எடுக்காதே!