எழுதி வாங்குவது ஸ்டேஷன் வேலையா?



மன்னவனூரிலோ பூம்பாறையிலோ புருஷன் பெண்டாட்டி சண்டை முற்றினால் முதலில் ஊர்ப் பெரியவர்கள். அவர்கள் பேச்சும் எடுபடாவிட்டால், கொடைக்கானலுக்கு பஸ் ஏறி மகளிர் காவல் நிலையம். வக்கீல் என்றால் செலவு; திண்டுக்கல் போய்வந்தால் ஒரு நாள் கூலி போச்சு. காக்கிச்சட்டை ஒரு அதட்டல் போட்டால் மாப்பிள்ளை அடங்கிவிடுவார் என்று பெற்றவர்களுக்கு ஒரு நம்பிக்கை. அதைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஆனால் தமிழ்நாட்டில் எந்த ஊர் மகளிர் ஸ்டேஷன் வாசலிலும் இந்தக் காட்சியைப் பார்க்கலாம். இரண்டு வீட்டாரும் ஆளுக்கொரு பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நிற்பார்கள். பெண்ணின் அண்ணன் கையில் கோடு போட்ட தாளில் ஒரு பட்டியல்: செயின், தோடு, பீரோ, கட்டில், குத்துவிளக்கு. உள்ளே கூப்பிட்டு, "அனுசரிச்சுப் போம்மா" என்பார்கள். இல்லையென்றால் சாமானைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லி, பிரிந்துபோக சம்மதம் என்று எழுதி வாங்கிக் கையெழுத்து. அந்தத் தாளையே விவாகரத்து என்று நம்பிக்கொண்டிருப்பவர்கள் உண்டு. அதனால் கல்யாணம் ரத்தாகாது. ஜீவனாம்சம் எவ்வளவு, பிள்ளை யாரிடம் என்பதையெல்லாம் சொல்ல வேண்டியது நீதிமன்றம்.

தமிழ்நாட்டின் முதல் மகளிர் காவல் நிலையம் 1992ல் சென்னை ஆயிரம் விளக்கில் திறக்கப்பட்டது, பெண்கள் பயமில்லாமல் புகார் சொல்வதற்கு. பஞ்சாயத்து பண்ணுவதற்கு அல்ல. கைதுக்கும் கடிவாளம் உண்டு. 2014ல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம், 498ஏ பிரிவில் கணவர் வீட்டார் கொடுமை என்று புகார் வந்தவுடனே குடும்பத்தையே அள்ளிக்கொண்டு போகக்கூடாது, முதலில் நோட்டீஸ் கொடுத்து விசாரியுங்கள் என்றது. மீறும் அதிகாரி மீது துறை நடவடிக்கையும் அவமதிப்பு வழக்கும் பாயும் என்றும் சேர்த்துச் சொன்னது. படுத்த படுக்கையாய் இருக்கும் மாமியாரையும், வெளியூரில் வாழும் நாத்தனாரையும் புகாரில் சேர்க்கும் பழக்கத்துக்கு வந்த பதில் அது. 498ஏ இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 85, 86ஆம் பிரிவுகள்.

போலீஸுக்கு எல்லை உண்டு என்றால், அடிபட்டு வந்தவளைத் திருப்பி அனுப்பலாம் என்று அர்த்தமில்லை. குடும்பத் தகராறில் வழக்குப் பதியும் முன் பூர்வாங்க விசாரணை செய்யலாம் என்று லலிதா குமாரி வழக்கில் 2013லேயே உச்ச நீதிமன்றம் அனுமதித்திருக்கிறது. குற்றம் நடந்ததா என்று பார்ப்பதற்குத்தான் அந்த விசாரணை. கணவன் மனைவியைச் சேர்த்துவைப்பதற்கு அல்ல. 'நம்ம ஏட்டம்மா எத்தனையோ குடும்பத்தைச் சேர்த்துவெச்சவங்க' என்று பெருமையாகச் சொல்வார்கள். சேர்த்துவைத்த பிறகு அந்த வீட்டில் என்ன நடந்தது என்று யாரும் போய்ப் பார்ப்பதில்லை.

ஸ்டேஷனை விட்டால் கதியில்லை என்று நினைக்கும் சகோதரிகளுக்குச் சில விவரங்கள். 2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டப்படி மாஜிஸ்திரேட்டிடம் நேராகவே மனுப் போடலாம். கொடைக்கானலிலேயே நீதிமன்றம் இருக்கிறது. கணவன் அடிக்கக்கூடாது, வீட்டைவிட்டு வெளியேற்றக்கூடாது, செலவுக்குப் பணம் தர வேண்டும் என்று அங்கே உத்தரவு வாங்கலாம். அம்மா வீட்டில் வந்து தங்கியிருந்தால் அந்த எல்லைக்குட்பட்ட கோர்ட்டிலும் போடலாம். மனு எழுத மாவட்டப் பாதுகாப்பு அலுவலர் உதவுவார். வக்கீலுக்குக் காசில்லையா? சட்ட உதவிக்கு 15100. பெண்கள் உதவிக்கு 181. அடிபட்டிருந்தால் முதலில் அரசு ஆஸ்பத்திரிக்குப் போய்க் காயத்தைப் பதிவு செய்துகொள்ளுங்கள். ஸ்டேஷனில் மனு கொடுத்தால் ரசீது கேட்டு வாங்குங்கள். எந்தத் தாளிலும் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

அன்புடன்,
ஆசிரியர்