ஒரு கிராம் கரிக்குள் நாலரை கிரவுண்டு!

போன வாரம் வீட்டு வாட்டர் பியூரிஃபையரை சர்வீஸ் செய்ய ஒரு அண்ணன் வந்திருந்தார். மூடியைக் கழற்றி, உள்ளேயிருந்த ஒரு வெள்ளைக் குழாயை எடுத்து உலுக்கினார். மணல் கொட்டுவதுபோல சரசரவென்று சத்தம்.

“கார்பன் மேடம். ரெண்டு வருஷமா மாத்தவே இல்ல போலிருக்கே.”

“உள்ள என்னண்ணா இருக்கு?”

“வெறும் கரிதான். கொட்டாங்குச்சிக் கரி.”

கரி என்றதும் எனக்குத் தண்ணீர் ஞாபகம் வரவில்லை. என் பெரியம்மா மகள் வீட்டில் நடந்ததுதான் ஞாபகம் வந்தது. அக்காவின் பையனுக்கு அப்போது மூன்று வயது. அப்பத்தாவின் பிரஷர் மாத்திரை அட்டையை எடுத்து, மிட்டாய் என்று நினைத்து உடைத்துத் தின்றுவிட்டான். எத்தனை மாத்திரை உள்ளே போனது என்று யாருக்கும் தெரியவில்லை. அரை மணி நேரத்தில் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினார்கள். அங்கே நர்ஸ் ஒரு டம்ளரில் கறுப்பாக எதையோ கரைத்து, கொஞ்சம் கொஞ்சமாகக் குடிக்க வைத்திருக்கிறார். பையனின் வாயும் பல்லும் தார் ரோடு போட்டது மாதிரி ஆகிவிட்டன. “மருந்து ரத்தத்துல கலக்குறதுக்குள்ள இது பிடிச்சு வெச்சுக்கும்மா” என்று டாக்டர் சொன்னாராம். ஓர் இரவு கண்காணிப்பில் வைத்திருந்து அனுப்பினார்கள். மறுநாள் பையனுக்கு மலம் கறுப்பாகப் போனதைப் பார்த்து அக்கா பதறிப்போய் டாக்டருக்கு போன் அடித்தார். “நல்லது, கரி வெளியே வருது” என்று பதில் வந்தது.

குழந்தையின் வயிற்றுக்குள் போன கரியும் என் சமையலறைச் சுவரில் தொங்கும் கரியும் ஒரே பொருள்தான். அதன் பெயர் ‘ஆக்டிவேட்டட் கார்பன்’. மருத்துவமனையில் ‘ஆக்டிவேட்டட் சார்கோல்’ என்பார்கள்.

ஒட்டுவது வேறு, உறிஞ்சுவது வேறு

பஞ்சு தண்ணீரை உறிஞ்சும். தண்ணீர் பஞ்சுக்குள்ளேயே போய்விடும். கரி செய்வது அது இல்லை. புல்வெளியில் நடந்தால் வேட்டி ஓரமெல்லாம் ஒட்டுப்புல் ஒட்டிக்கொள்ளுமே, அந்த மாதிரி மருந்தின் மூலக்கூறுகள் கரியின் மேற்பரப்பில் வந்து ஒட்டிக்கொள்கின்றன. பிளஸ் டூ வேதியியல் புத்தகத்தில் ‘பரப்பு கவர்தல்’ என்று படித்திருப்போம். மார்க்குக்காகப் படித்து மறந்திருப்போம்.

ஒட்ட வேண்டுமென்றால் இடம் வேண்டும். கரியின் கெட்டிக்காரத்தனம் அங்கேதான் இருக்கிறது. கொட்டாங்குச்சியைக் காற்று அதிகம் படாமல் சுட்டுக் கரியாக்கி, பிறகு 900 டிகிரியை ஒட்டிய வெப்பத்தில் நீராவியைச் செலுத்துகிறார்கள். நீராவி அந்தக் கரியைக் கண்ணுக்குத் தெரியாத கோடிக்கணக்கான துளைகளாக அரித்துவிடுகிறது. அத்தனை துளைச் சுவர்களையும் விரித்துப் போட்டால், ஒரு கிராம் கரிக்குச் சுமார் 1,000 சதுர மீட்டர் பரப்பு. நம் ரியல் எஸ்டேட் கணக்கில் நாலரை கிரவுண்டு! விஷம் சாப்பிட்ட பெரியவர் ஒருவருக்கு வழக்கமாகக் கொடுக்கும் அளவு 50 கிராம். அதாவது 12 ஏக்கருக்கும் மேலான நிலத்தை ஒரு டம்ளரில் கரைத்துக் கொடுக்கிறார்கள்.

அடுப்புக்கரிக்கு இந்தத் துளைகள் கிடையாது. அதனால் வீட்டில் கரியை இடித்துக் கொடுப்பது, தீய்ந்த பிரெட்டைத் தின்னக் கொடுப்பது எல்லாம் வீண் வேலை, நேரம்தான் போகும்.

இந்தக் கரியின் மேல் முதலில் நம்பிக்கை வைத்தவர்கள் கொஞ்சம் விபரீதமான ஆட்கள். 1831-ல் டூவேரி என்ற பிரெஞ்சு மருந்தாளர், மருத்துவ அகாடமி உறுப்பினர்கள் கண்ணெதிரே, ஆளைக் கொல்லும் அளவைப்போலப் பல மடங்கு ஸ்ட்ரிக்னைனைக் கரியோடு சேர்த்து விழுங்கி, உயிரோடு நின்று காட்டினார் என்று மருத்துவ வரலாற்றில் பதிவாகியிருக்கிறது. ஸ்ட்ரிக்னைன் என்பது நம் எட்டிக்கொட்டையில் இருக்கும் விஷம்தான். இன்றைக்கு எந்தக் கமிட்டியும் இந்தச் சோதனைக்கு அனுமதி தராது.

கரிக்கும் கடிகாரம் உண்டு

டூவேரி ஜெயித்ததற்கு ஒரு காரணம், விஷமும் கரியும் ஒன்றாக உள்ளே போனது. நிஜ வாழ்க்கையில் அப்படி நடப்பதில்லை. மாத்திரை குடலைத் தாண்டி ரத்தத்தில் கலந்துவிட்டால், பெரும்பாலான மருந்துகளைக் கரியால் எட்டிப் பிடிக்க முடியாது. முதல் ஒரு மணி நேரத்துக்குள் கொடுத்தால்தான் நல்ல பலன் என்று டாக்டர்கள் சொல்வது இதனால்தான்.

இலங்கையில் இதை மிகப் பெரிய அளவில் சோதித்தார்கள். மஞ்சள் அரளி விஷத்தால் பாதிக்கப்பட்டவர்களுக்குத் திரும்பத் திரும்பக் கரி கொடுத்தால் மரணம் குறைகிறது என்று 2003-ல் ஓர் ஆய்வு சொன்னது. 2008-ல் வந்த இன்னொரு ஆய்வு, அரளி, பூச்சிக்கொல்லி எனப் பல விஷங்களால் பாதிக்கப்பட்ட 4,632 பேரை எடுத்துக்கொண்டது. கரியே கொடுக்கப்படாதவர்கள், ஒரு முறை கொடுக்கப்பட்டவர்கள், பல முறை கொடுக்கப்பட்டவர்கள் என மூன்று பிரிவு. இறந்தவர்களின் விகிதத்தில் சொல்லும்படியான வித்தியாசம் எதுவும் இல்லை! இவர்களில் பலர் சின்ன ஆஸ்பத்திரிகளிலிருந்து மாற்றப்பட்டு, சில மணி நேரம் கழித்து வந்து சேர்ந்தவர்கள். கரி நல்ல பொருளாக இருந்து என்ன, பஸ் கிளம்பின பிறகு ஸ்டாண்டில் காத்திருந்த கதைதான்.

கரி எல்லாவற்றையும் பிடிக்கவும் செய்யாது. பாராசிட்டமால், ஆஸ்பிரின், வலிப்பு மாத்திரை போன்றவற்றை நன்றாகப் பிடிக்கும். சாராயம் ஒட்டாது, லித்தியம் ஒட்டாது. கர்ப்பிணிகளுக்காக வீட்டில் வாங்கி வைத்திருக்கும் சிவப்பு இரும்புச்சத்து மாத்திரையும் ஒட்டாது. குழந்தைகளுக்கு அது ரொம்பவே ஆபத்தானது. நாம்தான் ‘சத்து மாத்திரை’ என்று டைனிங் டேபிளிலேயே வைத்திருக்கிறோம். மண்ணெண்ணெய், ஆசிட் குடித்தவர்களுக்குக் கரி கொடுத்தால் வாந்தி வந்து, அது நுரையீரலுக்குள் போய் நிலைமை மோசமாகலாம். மயக்கமாக இருப்பவருக்கு வாயில் எதையும் ஊற்றக் கூடாது. ஆகவே கரி கொடுப்பதா வேண்டாமா என்பது டாக்டர் முடிவு. நம் வேலை 108-ஐ அழைப்பது, மாத்திரை அட்டையை மறக்காமல் கையோடு எடுத்துப் போவது. வாந்தி எடுக்க வைக்கும் முயற்சி வேண்டவே வேண்டாம்.

சந்தடி சாக்கில் இன்னொன்று. கறுப்பு ஐஸ்கிரீம், கறுப்பு லெமனேட் என்று இன்ஸ்டாவில் சுற்றியதே, அதுவும் இந்தக் கரிதான். அது ‘டாக்ஸினை’ மட்டும் தேடிப் பிடிக்காது; நீங்கள் காலையில் போட்ட மாத்திரையையும் சேர்த்துப் பிடித்துக்கொண்டு போய்விடும். நியூயார்க் நகர சுகாதாரத் துறை 2018-ல் உணவகங்களில் இதற்குத் தடை போட்டது.

மாத்திரை நம்மைவிட்டுப் போனதும்

சரி, தண்ணீருக்கு வருவோம். நாம் விழுங்கும் மருந்து முழுவதும் உடம்பிலேயே கரைந்துவிடுவதில்லை. சுகர் மாத்திரையான மெட்ஃபார்மினை எடுத்துக்கொள்ளுங்கள். ரத்தத்துக்குள் போனது கிட்டத்தட்ட மாறாமல் சிறுநீரில் வெளியேறிவிடும். கழிவுநீர் சுத்திகரிப்பு நிலையங்கள் அழுக்கையும் கிருமியையும் குறைக்கக் கட்டப்பட்டவை, மருந்து மூலக்கூறுகளைப் பிடிக்க அல்ல. அப்புறம் ஆறுதான்.

இங்கிலாந்தின் யார்க் பல்கலைக்கழகத்தினர் தலைமையில் 104 நாடுகளில் 258 ஆறுகளின் நீரை ஆராய்ந்து 2022-ல் முடிவை வெளியிட்டார்கள். அதிகம் தென்பட்டவை வலிப்பு மருந்தான கார்பமாசெபின், நம் மெட்ஃபார்மின், பிறகு காபியின் கஃபீன். காவிரியும் தப்பவில்லை. வலி மாத்திரை, பிரஷர் மாத்திரை, ஆன்டிபயாடிக் ஆகியவற்றின் தடயங்கள் காவிரி நீரில் இருப்பதைச் சென்னை ஐஐடி ஆய்வாளர்கள் 2021-ல் சொன்னார்கள்.

ஆற்று நீரில் இருப்பது பெரும்பாலும் மிக நுண்ணிய அளவு. ஒரு டம்ளர் குடித்தால் ஒரு மாத்திரை போட்டதாக ஆகாது, பயப்பட வேண்டாம். கவலை வேறு: ஆன்டிபயாடிக்கோடு தினமும் பழகும் கிருமிகள் அதற்கு அடங்காத கிருமிகளாக மாறுவது. அதிலும் தொழிற்சாலைக் கழிவின் கணக்கே தனி. ஹைதராபாத் அருகே பட்டஞ்சேருவில், மருந்து ஆலைகளின் கழிவைச் சுத்திகரித்து வெளியே விட்ட நீரில் ஒரு லிட்டருக்கு 31 மில்லிகிராம் வரை சிப்ரோஃப்ளாக்ஸசின் இருந்ததை ஸ்வீடன் ஆய்வாளர்கள் 2007-ல் வெளியிட்டார்கள். மருந்து போட்டுக்கொண்டவரின் ரத்தத்தில் இருப்பதைவிட இது அதிகம்.

சுவிட்சர்லாந்தில் 2016 முதல் இதற்குச் சட்டமே இருக்கிறது. நாட்டின் முக்கியமான சுத்திகரிப்பு நிலையங்களில் கரி அல்லது ஓசோன் கொண்டு இப்படிப்பட்ட நுண்மாசுகளில் 80 சதவிகிதத்தை எடுத்துவிட வேண்டும். அதற்கான வேலைகளுக்கு ஆளுக்கு வருடம் 9 பிராங்க் வரை வசூல். இந்தச் செலவில் பெரும்பகுதியை மருந்து, அழகுசாதன கம்பெனிகளே தர வேண்டும் என்று ஐரோப்பிய யூனியன் 2024-ல் விதி கொண்டுவந்தது. எனக்கு அது நியாயமாகப் படுகிறது.

அங்கேயும் கரி சர்வரோக நிவாரணி இல்லை. தண்ணீரோடு நன்றாகக் கலந்துகொள்ளும் மெட்ஃபார்மின் அதில் சரியாக ஒட்டுவதில்லை. முக்கியமாக, கரி எதையும் அழிப்பதில்லை. பிடித்து வைத்துக்கொள்கிறது, அவ்வளவுதான். துளைகள் நிரம்பிவிட்டால் அதன் வழியாகத் தண்ணீர் சும்மா போகும். அப்போது அதை உலையில் போட்டு 800 டிகிரிக்கு மேல் சூடாக்கிப் புதுப்பிக்க வேண்டும், இல்லையேல் எரித்துவிட வேண்டும்.

காங்கேயம், பொள்ளாச்சிப் பக்கம் கொட்டாங்குச்சிக் கரி பெரிய தொழில். தண்ணீரைச் சுத்தம் செய்யப் போகும் இந்தக் கரியைச் சுடும் இடங்களைச் சுற்றிப் புகை, நிலத்தடி நீர் பற்றிய புகார்களும் உண்டு. அதை ஒரு தனிக் கட்டுரையாகவே எழுத வேண்டும்.

அண்ணன் புதுக் குழாயை மாட்டிவிட்டு, குழாயைத் திறந்து கறுப்புத் தண்ணீர் தெளியும்வரை ஓடவிட்டார். “வருஷத்துக்கு ஒருதடவை மாத்திடுங்க மேடம். இல்லேன்னா அதுலயே கிருமி வளரும்” என்றார். பழைய குழாய் சிங்க் ஓரத்தில் கிடந்தது. இரண்டு வருடத்தில் பிடித்ததெல்லாம் அதற்குள்ளேதானே இருக்கும்?

“இதை என்னண்ணா பண்ணுவீங்க?”

“குப்பையிலதான் மேடம் போடணும்.”

எங்கள் தெருக் குப்பை பெருங்குடிக்குப் போகிறது.