கால் தொட்டியின் வடிகட்டி

அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்தில் 2000ஆம் ஆண்டு ஒரே நக அழகு நிலையத்துக்குச் சென்ற நூற்றுக்கும் மேற்பட்டோரின் கால்களில், முழங்காலுக்குக் கீழே, எளிதில் ஆறாத கொப்புளங்கள் தோன்றியதற்கு, குழாய் நீரிலும் மண்ணிலும் இயல்பாக வாழ்வதும் காசநோய்க் கிருமியின் பேரினத்தைச் சேர்ந்ததுமான மைக்கோபாக்டீரியம் ஃபார்டூயிட்டம் என்ற நுண்ணுயிரே காரணம் எனக் கண்டறியப்பட்டது. கால் ஊறவைக்கும் சுழல்நீர்த் தொட்டியின் உறிஞ்சுதுளையை மூடியுள்ள வடிகட்டியின் பின்புறத்தில் முடியும் தோல் துணுக்குகளும் அடைந்து கிடக்க, அங்கேதான் கிருமி பெருகியிருந்தது. தொட்டியை மேலாகத் துடைத்துவிட்டால் போதும் என்ற எண்ணம் அபாயகரமானது. முன்னதாகக் காலில் சவரம் செய்துகொண்டவர்களுக்கே, கண்ணுக்குப் புலப்படாத கீறல்களின் வழியே, தொற்று எளிதில் ஏற்பட்டது என்பதால், சவரம் செய்த கையோடு அங்கே செல்லாதிருப்பது வாடிக்கையாளர் செய்யக்கூடியது. வடிகட்டியை நாள்தோறும் கழற்றிக் கழுவிக் கிருமிநீக்கம் செய்து பதிவேட்டில் குறிப்பது நிலையத்தாரின் கடமை; கலிபோர்னியா பின்னர் கொண்டுவந்த இவ்விதியை, இத்தகைய தொட்டி இயங்கும் ஒவ்வொரு நாடும் தயக்கமின்றி ஏற்க வேண்டும்.