டிரெட்மில்லுக்குப் பணம் சேர்க்கும் என் பிள்ளைகளுக்கு

 பதிவு கொஞ்சம் நீளம். வழக்கம்போல் பாதியில் கைகூப்பும் படம் போட்டுவிட்டுப் போய்விடாதீர்கள். கடைசி வரை படியுங்கள்.

போன வாரம் நமது ஐந்தாம் வகுப்பு பழைய மாணவர் வாட்ஸ்அப் குழுவில் ஒரு வீடியோ வந்தது. இடுப்பில் பெல்ட் கட்டி ஒருவரை மேலிருந்து தொங்கவிட்டிருக்கிறார்கள். கீழே டிரெட்மில் ஓடுகிறது. இரண்டு பேர் உட்கார்ந்து அவர் கால்களை மாற்றி மாற்றி எடுத்து வைக்கிறார்கள். "நம்ம பையனையும் இப்படி நடக்க வச்சிரலாம்" என்று ஒருவர் எழுத, அன்று மாலையே வசூல் தொடங்கிவிட்டது. பெருநகரம் ஒன்றில் உள்ள மையத்தில் மூன்று மாதம் வைத்துப் பார்க்க மூன்று லட்சம் வேண்டுமாம்.

"நம்ம பையன்" யார் என்று குழுவில் உள்ளவர்களுக்குத் தெரியும். மற்றவர்களுக்குப் பெயர் தேவையில்லை. அவன் சம்மதத்தோடுதான் எழுதுகிறேன். விசைத்தறியில் வேலை பார்த்தவன். இரண்டு வருடத்துக்கு முன் கோயில் கொடைக்கு சீரியல் லைட் கட்ட வேப்பமரத்தில் ஏறி, கிளை முறிந்து விழுந்தான். தண்டுவடம் முழுமையாக அடிபட்டுவிட்டது. மார்புக்குக் கீழே இன்றுவரை உணர்வும் இல்லை, அசைவும் இல்லை.

பிள்ளைகளா, உங்கள் நல்ல மனதைப் பார்த்துப் பெருமைப்படுகிறேன். ஆனால் இந்தப் பணத்தை அந்த மூன்று மாதத்துக்குக் கொடுக்க வேண்டாம் என்பதுதான் என் கருத்து. ஏன் என்று சொல்கிறேன்.

நான் ஆசிரியர் பயிற்சிப் பட்டயம் படித்தவள், மருத்துவம் படித்தவள் அல்ல. அதனால் தெரிந்தவர்களிடம் கேட்டேன். என்னிடம் படித்த பிள்ளை ஒருத்தி இப்போது பிசியோதெரபிஸ்ட். அவள்தான் ஒரு மணி நேரம் போனில் எனக்குப் பாடம் எடுத்தாள்.

நடப்பதற்கான தாளத்தை எழுப்பும் நரம்பு அமைப்பு தண்டுவடத்துக்கு உள்ளேயே இருக்கிறது. மூளைத் தொடர்பு துண்டிக்கப்பட்ட பூனைகளின் பின்னங்கால்களே டிரெட்மில்லில் பழக்கினால் அடி எடுத்து வைத்தன. அதிலிருந்துதான் மனிதர்களுக்கும் இந்தப் பயிற்சி வந்தது. தண்டுவடத்தில் கொஞ்சமாவது இணைப்பு மிஞ்சியவர்களுக்கு இதனால் பலன் உண்டு. ஆனால் அமெரிக்காவிலும் கனடாவிலும் உள்ள ஆறு மையங்களில், புதிதாக அடிபட்டு ஓரளவு இணைப்பு மிஞ்சியிருந்த 146 பேரை இரண்டாகப் பிரித்து 12 வாரம் பயிற்சி கொடுத்தார்கள். ஒரு பிரிவுக்கு டிரெட்மில், இன்னொரு பிரிவுக்கு சாதாரணத் தரையில் நடைப்பயிற்சி. 2006-ல் முடிவு வெளியானது. நடையில் இரு பிரிவுக்கும் வித்தியாசம் இல்லை. இயந்திரம் செய்ததைப் பொறுமையான மனிதக் கையும் தரையும் செய்துவிட்டன.

முழுமையாக அடிபட்டவர்களுக்கு டிரெட்மில் மட்டும் நடையைத் திருப்பித் தருவதில்லை. 2018-ல் அமெரிக்காவிலும் சுவிட்சர்லாந்திலும் சிலர் மறுபடி அடி எடுத்து வைத்தது உண்மை. அவர்களுக்கு அறுவை சிகிச்சை செய்து முதுகில் மின்கருவி பொருத்தியிருந்தார்கள், மாதக்கணக்கில் பயிற்சியும் கொடுத்தார்கள். அது ஆராய்ச்சி. அதைக் காட்டி மூன்று மாதத்தில் நடக்க வைக்கிறேன் என்று யாராவது சொன்னால், "எழுதிக் கொடுங்கள்" என்று கேளுங்கள்.

சூப்பர்மேன் படத்தில் நடித்த கிறிஸ்டோபர் ரீவ் 1995-ல் குதிரையில் இருந்து விழுந்து கழுத்து அடிபட்டவர். அவரிடம் பணம் இருந்தது, உலகின் சிறந்த மருத்துவர்கள் இருந்தார்கள், டிரெட்மில் உட்பட எல்லாக் கருவியும் இருந்தது. விடாமல் பயிற்சி செய்தார். விரல் அசைவும் சில இடங்களில் உணர்வும் திரும்பின. நடை திரும்பவில்லை. 2004-ல் அவர் இறந்தபோது படுக்கைப்புண்ணில் வந்த தொற்றுக்கு சிகிச்சையில் இருந்தார். அவ்வளவு வசதி இருந்தவரையே படுக்கைப்புண் விடவில்லை என்றால், நம் வீட்டுப் பிள்ளை எவ்வளவு எச்சரிக்கையாக இருக்க வேண்டும்?

அப்படியென்றால் உடற்பயிற்சி வேண்டாமா என்று கேட்காதீர்கள். தினமும் வேண்டும், ஆயுள் முழுக்க வேண்டும். ஆனால் எதற்காக என்பது தெரிய வேண்டும். கால் மூட்டுகளை மடக்கி நீட்டாவிட்டால் அவை இறுகிப்போகும். தோளும் கையும் பலமாக இருந்தால்தான் கட்டிலில் இருந்து நாற்காலிக்கும், நாற்காலியில் இருந்து கழிப்பறைக்கும் தானாக மாற முடியும். படுக்கையில் இரண்டு மணிக்கு ஒரு தடவை புரண்டு படுக்க வேண்டும். நாற்காலியில் கால் மணிக்கு ஒரு தடவை கையை ஊன்றி எழும்பி இறங்கினால்தான் புண் வராது. நிற்கும் சட்டத்தில் நிற்பதையும் ஆள் வைத்துக் கொஞ்சம் கொஞ்சமாகப் பழக வேண்டும், திடீரென்று நிறுத்தினால் ரத்த அழுத்தம் இறங்கி மயக்கம் வரும். இதெல்லாம் வீடியோவில் வராது. ஆனால் உயிரைக் காப்பது இதுதான்.

இப்போது என் தவறையும் சொல்லிவிடுகிறேன். அடிபட்ட ஆறாம் மாதம் அவனைப் பார்க்க ஆப்பிளும் ஹார்லிக்ஸும் வாங்கிக்கொண்டு போனேன். போனதும் "எப்பப்பா நடப்ப?" என்றுதான் கேட்டேன். அவன் சுவரைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்தான். போன மாதம் போனபோது அவனே சொன்னான்: "டீச்சர், வாரவுக எல்லாரும் கால் எப்ப வரும்னுதான் கேக்காக. கை நல்லாத்தானே இருக்கு, அதுக்கு ஒரு வேல இருக்கான்னு ஒருத்தரும் கேக்கல."

முப்பத்து மூன்று வருடம் பிள்ளைகளிடம் கேள்வி கேட்டே பிழைத்தவள் நான். தவறான கேள்வி கேட்டிருக்கிறேன் என்று அன்றைக்குத்தான் புரிந்தது.

"டீச்சர், நம்பிக்கையைக் கெடுக்காதீங்க" என்று குழுவில் ஒருவர் எழுதியிருந்தார். நம்பிக்கைக்கு வெளிநாட்டு வீடியோ எதற்கு? நம் தென்காசிக்குப் பக்கத்தில் ஆய்க்குடி இருக்கிறது. அந்த ஊர் எஸ். ராமகிருஷ்ணன் கோயம்புத்தூரில் இன்ஜினியரிங் படித்துக்கொண்டிருந்தவர். 1975-ல் கடற்படை அதிகாரி தேர்வுக்காகப் பெங்களூர் போனபோது கீழே விழுந்து கழுத்து அடிபட்டது. அதன்பின் அவர் நடக்கவில்லை. ஆனால் 1981-ல் அமர் சேவா சங்கத்தைத் தொடங்கினார். தனக்கு சிகிச்சை அளித்துத் தைரியம் சொன்ன ராணுவ மருத்துவர் அமர்ஜித் சிங் சாஹலின் நினைவாகத்தான் அந்தப் பெயர். பின்னாளில் எஸ். சங்கரராமன் வந்து சேர்ந்தார். அவரும் சக்கர நாற்காலியில் இருப்பவர், ஆடிட்டர். தண்டுவடம் அடிபட்டவர்களுக்கு அங்கே தனிப் பிரிவே இருக்கிறது. ராமகிருஷ்ணனுக்கு 2020-ல் பத்மஸ்ரீ அறிவித்தார்கள்.

வேலூர் சி.எம்.சி.யின் டாக்டர் மேரி வர்கீஸும் அப்படித்தான். 1954-ல் கார் விபத்தில் இடுப்புக்குக் கீழே செயலிழந்தது. சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவை சிகிச்சை செய்தார். வெளிநாடு போய் மறுவாழ்வு மருத்துவம் படித்து வந்தார். 1966-ல் வேலூரில் மறுவாழ்வு நிலையம் திறந்தது. எத்தனையோ பேர் அங்கே பயிற்சி பெற்று வீடு திரும்பியிருக்கிறார்கள்.

இவர்கள் யாரும் நடக்கவில்லை. ஆனால் இவர்களைத் தோற்றவர்கள் என்று யாராவது சொல்ல முடியுமா?

அரசாங்கத்துக்கும் ஒரு வார்த்தை. சாலை விபத்தில் அடிபட்டவருக்கு முதல் 48 மணி நேர சிகிச்சையை இலவசமாகத் தரும் திட்டம் 2021 டிசம்பரில் வந்தது. நல்ல திட்டம், எத்தனையோ உயிரைக் காக்கிறது. ஆனால் தண்டுவடம் அடிபட்டவருக்கு உண்மையான பாடு 49-ஆவது மணி நேரத்தில்தான் தொடங்குகிறது. அதன்பின் வரும் 20, 30 வருடத்துக்குப் பயிற்சி தர, ஒவ்வொரு தாலுகா ஊரிலும் ஓர் இடம் வேண்டும். மக்களைத் தேடி மருத்துவத்தில் பிசியோதெரபிஸ்ட் வீட்டுக்கே வருகிறார். உங்கள் தெருவில் இப்படி யாராவது இருந்தால் ஆரம்ப சுகாதார நிலையத்தில் பெயரைப் பதிந்து கொடுங்கள். பலருக்கு இது கிடைக்கும் என்பதே தெரியாது.

இனி நம் மூன்று லட்சம். என்ன வேண்டும் என்று அவனிடமே கேட்டேன். இதுவரை யாரும் கேட்கவில்லை போலிருக்கிறது, கேட்டதும் கடகடவென்று சொன்னான். வாசலில் ஒரு சாய்தளம் வேண்டும். வாசல் படி ஓர் அடி உயரம். ஓர் அடி உயரத்துக்குப் பன்னிரண்டு அடி நீளம், நான் நடத்திய விகிதக் கணக்குதான். கழிப்பறைக் கதவு நாற்காலி நுழையும் அளவுக்கு அகலமாக வேண்டும். புண் வராத நல்ல மெத்தையும் அவன் உடம்புக்கு அளவெடுத்த சக்கர நாற்காலியும் வேண்டும். சில வாரம் ஆய்க்குடியில் தங்கிப் பயிற்சி எடுக்க வேண்டும். திரும்பி வந்தபின் வாரம் ஒருநாள் பிசியோதெரபிஸ்ட் வர வேண்டும். செல்போன் ரிப்பேர் பழகி ஒரு சின்னக் கடை போட வேண்டும். இத்தனையும் சொல்லிவிட்டு, "டிரெட்மில் வேண்டாம் டீச்சர், அம்மாட்ட மட்டும் பக்குவமா சொல்லிருங்க" என்றான்.

அவன் அம்மாவிடம் நேற்றுப் போய்ச் சொன்னேன். வெகுநேரம் அழுதார்கள். நானும் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, "சரி டீச்சர், மொதல்ல அந்தப் படியச் சரி பண்ணச் சொல்லுங்க" என்றார்கள்.

ஆகவே வசூலை நிறுத்தாதீர்கள், செலவை மட்டும் மாற்றுங்கள். கொத்தனார் வேலை தெரிந்தவர்கள் நம் செட்டிலேயே இரண்டு பேர் இருக்கிறீர்கள். பணம் போட முடியாதவர்கள் ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்து மண் சுமக்கலாம். ஆடித்தபசுக்கு முன் சாய்தளம் முடிய வேண்டும். இரண்டு வருடமாக அவன் தபசு பார்க்கவில்லை. இந்த வருடம் கூட்டத்துக்குள் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போக நான்கு பேர் வேண்டும். யார் யார் வருகிறீர்கள் என்று கீழே பெயர் போடுங்கள். அவனைப் பார்க்கப் போகிறவர்கள் காலைப் பற்றிக் கேட்காதீர்கள். "இன்னைக்கு என்ன வேல பாத்த?" என்று கேளுங்கள்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்