வெள்ளை முகம், வில்லன் வேஷம்!

அடி வாங்கியே பெயர் எடுத்த ஆஸ்திரேலிய நடிகர்

மொட்டைத் தலை. தாடி. மலை போன்ற உடம்பு. 1980-ம் ஆண்டுகளில் இந்திப் படம் பார்த்தவர்களுக்கு இந்த உருவம் மறக்காது. பெயர் தெரியாவிட்டாலும், "அதோ, வெள்ளைக்கார வில்லன் வந்துவிட்டான். இனி சண்டைதான்!" என்று ரசிகர்கள் நிமிர்ந்து உட்காருவார்கள்.

அவர்தான் பாப் கிறிஸ்டோ.

என்ஜினீயர் நடிகர் ஆனார்

பாப் கிறிஸ்டோ 1938-ல் சிட்னி நகரில் பிறந்தவர். படித்தது கட்டிட என்ஜினீயர் படிப்பு. மஸ்கட் நகருக்கு வேலைக்குப் போகும் வழியில் பம்பாயில் தங்கினார். நடிகை பர்வீன் பாபியின் படத்தை ஒரு பத்திரிகை அட்டையில் பார்த்து, அவரைச் சந்திக்க ஆசைப்பட்டார். சந்தித்தார். சினிமா உலகத்தாரின் பழக்கமும் ஏற்பட்டது.

சஞ்சய்கான் தன்னுடைய "அப்துல்லா" (1980) படத்தில் வேஷம் கொடுத்தார். பிறகு "குர்பானி", "காலியா", "மர்த்" என்று வரிசையாகப் படங்கள். மொத்தம் 200 படங்களுக்கு மேல் நடித்தார். மஸ்கட் மறந்தே போயிற்று!

வெள்ளைக்காரர் எதற்கு?

இந்திப் படத்துக்கு வெள்ளைக்கார வில்லன் ஏன் தேவைப்பட்டான்? இரண்டு காரணங்கள்.

அப்போது தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் (1968) அமுலில் இருந்தது. கள்ளக்கடத்தல் செய்திகள் பத்திரிகைகளில் அடிபட்டன. சினிமாக் கதைகளிலும் கடத்தல்காரர்கள் புகுந்தார்கள். அவர்களுக்கு வெளிநாட்டுக் கூட்டாளி வேண்டும் அல்லவா? ஒரு வெள்ளை முகத்தைக் காட்டினால் போதும். விளக்கமே வேண்டாம்.

மற்றொன்று, பழைய கோபம். வெள்ளையர் ஆட்சி முடிந்து 40 ஆண்டுகள்கூட ஆகவில்லை. வெள்ளைக்காரனை நம் கதாநாயகன் உதைத்தால் கொட்டகையே கை தட்டியது. "மிஸ்டர் இந்தியா" (1987) படத்தில், கண்ணுக்குத் தெரியாத கதாநாயகன் அனுமார் சிலையாலேயே கிறிஸ்டோவை அடிப்பான். ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

உருது பேசினாலும் வெள்ளைக்காரரே!

டாம் ஆல்டர் என்ற நடிகரின் கதையையும் பாருங்கள். அவர் அமெரிக்கப் பாதிரியார் குடும்பத்தவர். ஆனால் 1950-ல் பிறந்தது இமயமலை அடுத்த முசௌரியில். உருதுவைத் தாய்மொழி போலப் பேசுவார். நடிப்பை முறையாகப் படித்தவர். 2008-ல் பத்மஸ்ரீ பட்டமும் பெற்றார். இருந்தும், சினிமா அவரிடம் அடிக்கடி கேட்டது ஆங்கிலேய அதிகாரி வேஷத்தைத்தான். அவருடைய நாக்கை விட்டுவிட்டுத் தோலைப் பார்த்தது.

அவர்களும் அப்படியே!

குற்றம் நம்மவர்களுடையது மட்டும் அல்ல. "மிஸ்டர் இந்தியா"வில் கிறிஸ்டோவும் வில்லன். அம்ரீஷ் பூரியும் வில்லன். அதே அம்ரீஷ் பூரியை ஹாலிவுட் அழைத்தது. எதற்கு? 1984-ல் வந்த "இந்தியானா ஜோன்ஸ்" படத்தில் நரபலி கொடுக்கும் பூசாரியாக நடிக்க! நமக்கு அவர்கள் கொள்ளைக்காரர்கள். அவர்களுக்கு நாம் காட்டுமிராண்டிகள்.

காலம் மாறியது

1990-ல் தங்கக் கட்டுப்பாட்டுச் சட்டம் நீக்கப்பட்டது. 1991-ல் பொருளாதாரக் கதவு திறந்தது. கடத்தல்காரக் கதைகளின் மவுசு குறைந்தது. 1995-ல் வந்த "தில்வாலே துல்ஹனியா லே ஜாயேங்கே" படத்தில் கதாநாயகனே லண்டனில் வளர்ந்த பையன்! வெளிநாடு என்பது எதிரி இருக்கும் இடம் அல்ல, நம் பிள்ளை இருக்கும் இடம் என்று ஆயிற்று.

வெள்ளைக்கார வில்லன் அடியோடு மறையவில்லை. "லகான்" (2001) படத்திலும், தெலுங்கில் வந்த "ஆர்.ஆர்.ஆர்." (2022) படத்திலும் அவன் உண்டு. ஆனால் அவை வெள்ளையர் ஆட்சிக் காலக் கதைகள்.

பாப் கிறிஸ்டோ கடைசிக் காலத்தில் பெங்களூரில் குடியேறி, யோகாசனம் சொல்லிக்கொடுத்தார். 2011 மார்ச்சு மாதம் அங்கேயே காலமானார்.

திரையில் இந்தியாவைக் கொள்ளையடிக்க வந்தவர், நிஜத்தில் இந்தியாவிலேயே வாழ்ந்து, நம்முடைய யோகாசனத்தை நமக்கே கற்றுக்கொடுத்தார். படம் பார்க்கும் குழந்தைகளுக்கு இதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.