தயவு வேறு, நியாயம் வேறு

மே தினத்தன்று கொடியேற்றுகிறோம். எட்டு மணி நேர வேலைக்காகச் சிக்காகோவில் தூக்குமேடை ஏறிய தியாகிகளை மேடைதோறும் போற்றுகிறோம். போற்றத்தான் வேண்டும். ஆனால், அவர்களோடு தண்டிக்கப்பட்டு உயிரோடு எஞ்சிய மூவரைச் சிறையிலிருந்து மீட்ட மனிதரை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? அவர் தொழிற்சங்கவாதி அல்லர். நீதிபதியாக இருந்தவர், பொருள் சேர்த்தவர், இல்லினாய் மாநிலத்தின் கவர்னர். பெயர் ஜான் பீட்டர் ஆல்ட்கெல்ட்.

1847-இல் ஜெர்மனியில் பிறந்தவர். கைக்குழந்தையாகவே அமெரிக்கா சென்றவர். ஒஹாயோவில் ஏழைக் குடியானவன் மகனாக வளர்ந்து, பதினாறு வயதில் உள்நாட்டுப் போரில் சிப்பாயானார். பின்னர் பள்ளி ஆசிரியர், வழக்கறிஞர், சிக்காகோவில் நீதிபதி என்று படிப்படியாக உயர்ந்தார். சட்டத்தின் சக்கரத்தில் ஏழையே அதிகம் நசுங்குகிறான் என்பதை 1884-இலேயே நூலாக எழுதி வெளியிட்டார். 1892-இல் கவர்னர் தேர்தலில் வென்றார்.

அவர் மேசைக்கு வந்த வழக்கு எது? 1886 மே 4-ஆம் நாள் இரவு, சிக்காகோ ஹேமார்க்கெட்டில் தொழிலாளர் கண்டனக் கூட்டம் முடியும் தறுவாயில் போலீஸார் நுழைந்தனர். யாரோ வெடிகுண்டை வீசினான். ஏழு போலீஸ்காரர்கள் இறந்தனர். பொதுமக்களிலும் சிலர் மாண்டனர். கொடுமைதான், மறுப்பதற்கில்லை. ஆனால் வீசியவன் யார் என்பது கடைசி வரை துலங்கவில்லை. எட்டுப் பேரைப் பிடித்துக் குற்றவாளிகள் என்றனர். 1887 நவம்பர் 11-இல் நால்வர் தூக்கிலிடப்பட்டனர். ஒருவர் அதற்கு முந்திய நாள் சிறையிலேயே மாண்டார். பீல்டன், ஷ்வாப், நீபி ஆகிய மூவர் சிறையில் கிடந்தனர். இந்த நீபி அன்று அந்தக் கூட்டத்திலேயே இல்லை!

மூவரையும் விடுவிக்கும்படி பல்லாயிரம் பேர் மனுச் செய்தனர். “போதிய காலம் சிறையிருந்துவிட்டார்கள், பாவம், விட்டுவிடலாம்” என்று இரண்டு வரி எழுதியிருந்தால், கவர்னருக்கு ஒரு தொல்லையும் வந்திராது. தயாளன் என்று பெயரும் கிடைத்திருக்கும். ஆல்ட்கெல்ட் அப்படிச் செய்யவில்லை. வழக்கு ஏடுகள் முழுவதையும் படித்தார். விசாரணை நேர்மையாக நடந்திருந்தால் இவர்களை விடக் கூடாது. நேர்மையாக நடக்கவில்லையென்றால் ஒரு நாளும் வைத்திருக்கக் கூடாது. இதுவே அவர் வாதம். 1893 ஜூன் 26-இல் நீண்ட அறிக்கையுடன் மூவரையும் விடுவித்தார். ஜூரிகள் வேண்டுமென்றே பொறுக்கியெடுக்கப்பட்டவர்கள், நீதிபதி பாரபட்சம் காட்டினார், குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என்று காரணங்களை அடுக்கினார். பத்திரிகைகள் கொதித்தெழுந்தன. அராஜகவாதி என்று தூற்றின. மன்னித்ததைவிட, காரணம் சொன்னதே முதலாளி வர்க்கத்தைச் சுட்டது!

அதோடு அவர் நிற்கவில்லை. பிளாரன்ஸ் கெல்லி என்ற பெண்மணியைத் தலைமைத் தொழிற்சாலை இன்ஸ்பெக்டராக நியமித்தார். பதினான்கு வயதுக்குட்பட்ட பிள்ளைகளை ஆலைகளில் வேலைக்கு வைக்கலாகாது என்றும், பெண்களுக்கு எட்டு மணி நேரமே வேலை என்றும் 1893-இல் சட்டம் வந்தது. எட்டு மணி நேர விதியை 1895-இல் மாநில உச்ச நீதிமன்றம் செல்லாதென்று தள்ளியது.

1893-94-இல் புல்மன் கம்பெனி கூலியில் ஏறத்தாழக் கால் பங்கைக் குறைத்தது. தன் குடியிருப்பு வீடுகளின் வாடகையிலோ ஒரு காசும் குறைக்கவில்லை. வேலையும் வீடும் ஒரே கையில் இருந்தால் என்ன ஆகும் என்பதைத் தோட்டத்து லயங்களில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு விளக்கவும் வேண்டுமா? வேலை நிறுத்தம் மூண்டது. ரயில்வேத் தொழிலாளரும் துணை நின்றனர். கவர்னர் கேளாமலேயே அதிபர் கிளீவ்லண்ட் மத்தியப் பட்டாளத்தைச் சிக்காகோவுக்கு அனுப்பினார். இது அரசியலமைப்புக்கு விரோதம் என்று ஆல்ட்கெல்ட் தந்தியில் கண்டித்தார்.

அவர் ஒழுங்குக்குப் பகைவர் என்று அன்று சொன்னார்கள். பொய். உள்ளூர் அதிகாரிகள் கேட்ட இடங்களுக்கு மாநிலப் படையை அவரே அனுப்பியிருக்கிறார். அவர் எதிர்த்தது ஒழுங்கை அன்று. ஒழுங்கின் பெயரால் சட்டத்தை மீறியதை.

1896 தேர்தலில் தோற்றார். தாம் கட்டிய பதினாறு மாடிக் கட்டடமும் கைவிட்டுப் போயிற்று. 1902 மார்ச் 12-இல் மறைந்தார்.

தோழர்களே! கணக்கு எழுதும் கிராணி என்ற முறையில் ஒன்று சொல்வேன். குறை சொல்ல ஆபீஸ் படி ஏறும்போது, “ஏதோ பார்த்துச் செய்யுங்கள் ஐயா” என்கிறோம். அவர்களும் ஏதோ பார்த்துச் செய்கிறார்கள். நாமும் கும்பிட்டுத் திரும்புகிறோம். தயவாய் வந்தது மேனேஜர் மாறினால் மாறிவிடும். நியாயம் என்று காரணத்தோடு ஏட்டில் ஏறியதை அழிப்பது எளிதன்று. கேட்பவன் காரணத்தோடு கேட்கட்டும். கொடுப்பவனும் காரணத்தை எழுதிக் கொடுக்கட்டும். அந்தக் காரணத்தை எழுதியதற்காகவே ஒரு கவர்னர் தம் அரசியல் வாழ்வை இழந்தார். நாம் அதைக் கேட்பதற்குக்கூட அஞ்சலாமா?